ஒரே பரிசலில் நைனாவும் நானும்

மீன் குஞ்சுக்கு நீச்சல் சொல்லித் தர வேண்டுமா என்று முதன்முதலில் கேட்ட புண்ணியவான் யாரென்று தெரியவில்லை. அவன் மட்டும் என் கையில் கிடைத்தால் அவன் சட்டைக்குள் உயிருள்ள கெளுத்தி இரண்டைப் போட்டு அனுப்புவேன். கெளுத்திக்கு இரண்டு பக்கமும் முள். நன்றாகக் குத்தும். என் பாதி ஆயுளைக் கெடுத்தது அவன் சொன்ன அந்தப் பழமொழிதான்.

எங்களுடையது ஏரியில் மீன் பிடிக்கிற குடும்பம். எலெக்ட்ரானிக் சிட்டியில் கண்ணாடிக் கட்டடங்கள் ஒவ்வொன்றாக எழும்பிக்கொண்டிருந்த தொண்ணூறுகளில், அவற்றின் முதுகுப்பக்கத்து ஏரிக்கரையில் எங்கள் ஷீட் வீடு இருந்தது. நைனா விடியும் முன்னே பரிசலில் போய் மீன் பிடித்து வருவார். அம்மா அதைக் கூடையில் அடுக்கி, பஸ்ஸின் கடைசி சீட்டில் கண்டக்டரோடு கன்னடத்தில் சண்டை போட்டுக்கொண்டே சிவாஜிநகர் மார்க்கெட்டுக்குக் கொண்டுபோய் விற்பாள். இப்படிப்பட்ட வீட்டில் பிறந்தவனிடம் உனக்கு நீச்சல் தெரியுமா என்று யார் கேட்பார்கள்? பேக்கரிக்காரர் மகனிடம் பன் தின்னத் தெரியுமா என்று யாராவது கேட்கிறார்களா?

எனக்கு நீச்சல் தெரியாது. சுத்தமாகத் தெரியாது. தண்ணீர் முழங்காலைத் தாண்டினால் கரைக்கு ஓடிவிடுவேன். சின்ன வயதில் மற்றப் பையன்கள் மதகின் மேல் ஏறித் தொபுக்கென்று குதிக்கும்போதெல்லாம் எனக்குக் காதுவலி வந்துவிடும். காதில் தண்ணீர் போகக் கூடாது என்று அம்மாவே கரையில் உட்கார வைப்பாள். அந்தக் காலத்தில் அவள் என் காதில் காய்ச்சி ஊற்றிய எண்ணெயில் ஒரு தீபாவளிக்குப் பலகாரமே சுட்டிருக்கலாம்.

நைனாவும் ஏரியில் குதித்து நான் பார்த்ததில்லை. ஆனால் அது பக்தி. "தொழில் பண்ற தண்ணிலே வெளாடக் கூடாதுடா. கங்கம்மா கோவிச்சுக்குவா" என்பார். கரையில் குந்தி, சொம்பில் மொண்டு மொண்டுதான் குளிப்பார். எங்கள் நைனாவுக்கு எவ்வளவு ஆசாரம் பார் என்று நான் பெருமைப்பட்டிருக்கிறேன்.

பள்ளிக்கூடம் முடித்த கையோடு என்னையும் பரிசலில் ஏற்றிக்கொண்டார். பரிசல் என்றால் பெரிய வட்டக் கூடை. மூங்கிலில் பின்னி, அடியில் தார் பூசியிருக்கும். அதற்கு முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது. உள்ளே இருக்கிற இரண்டு பேருக்கும் ஒத்துப்போனால் நேராகப் போகும். ஒத்துப்போகாவிட்டால் நின்ற இடத்திலேயே ஆட்டுக்கல் குழவி மாதிரி சுற்றும். நான் மண்டி போட்டுத் துடுப்புத் தள்ள, அவர் நின்றபடி வலை வீசுவார். தினமும் எனக்கு உயிர் போய் உயிர் வரும். ஒரே ஒரு தைரியம்தான். நைனா பக்கத்தில் இருக்கிறாரே, விழுந்தால் தூக்கிவிட மாட்டாரா என்ற தைரியம்.

பிறகு நான் டைப்பிங் கற்றுக்கொண்டு, பின்னால் தெரிந்த கண்ணாடிக் கட்டடங்களில் ஒன்றில் டேட்டா என்ட்ரி வேலைக்குச் சேர்ந்தேன். கழுத்தில் நீல நாடாவில் அடையாள அட்டை. ஏசி. பூமி அசையாத நாற்காலி. அதைச் சொல்ல ஓடி வந்தபோது நைனா வலையில் சிக்கிய பாசியைப் பிய்த்துக்கொண்டிருந்தார்.

"அப்ப நாளையிலேர்ந்து பரிசலுக்கு வர மாட்டே?"

"எப்டி நைனா வர்றது? ஆபீஸ் இருக்குதே."

அவர் கையிலிருந்த பாசியைத் தூர எறிந்தார். பிறகு "போ" என்றார். அவ்வளவுதான். அதற்கப்புறம் அவர் என்னிடம் நேராக ஒரு வார்த்தை பேசவில்லை. பயத்தினால்தான் ஓடுகிறேன் என்று நான் சொல்லவில்லை. மீன் நாற்றம் பிடிக்காத துரை ஆகிவிட்டான் என்று அவர் நினைக்கிறார் போலும் என்று விட்டுவிட்டேன். நினைத்துவிட்டுப் போகட்டுமே, எனக்கும் கோபம் இருந்தது. மகனுக்கு வேலை கிடைத்தால் ஊரில் ஒவ்வொரு அப்பனும் மைசூர்பாகு வாங்கித் தருகிறான், என் அப்பன் மூஞ்சியைத் திருப்பிக்கொள்கிறான்.

பேச்சு நின்றாலும் திட்டு நிற்கவில்லை. எல்லாம் அம்மா வழியாக வரும். "கழுத்துல பட்டை கட்டின தொரை துன்னாச்சான்னு கேளு." நான் அங்கேயேதான் தட்டோடு உட்கார்ந்திருப்பேன். "துன்னாச்சுன்னு சொல்லும்மா" என்பேன். அம்மா நடுவில், "அய்யோ, நான் என்ன டெலிபோன் ஆபீஸா? சும்னே இருங்க ரெண்டு பேரும்" என்று கரண்டியை ஆட்டுவாள். அவள் மார்க்கெட்டுக்குப் போன நேரத்தில் அவசரமாக ஏதாவது சொல்ல வேண்டியிருந்தால் என்ன செய்வது? எங்கள் வீட்டில் ஒரு செம்பட்டை நாய் இருந்தது. நைனா அதனிடம் சொல்வார். "டேய், மளை வர்ற மாதிரி இருக்குது. வெளியே காயற சட்டையை எடுக்கச் சொல்லுடா அவனை." நாய் என்னைப் பார்க்கும். நான் நாயிடம் "சரின்னு சொல்லு" என்பேன். நாய்க்கு வாலாட்டி வாலாட்டி இடுப்பு நோவே வந்திருக்கும்.

இப்படி இரண்டு மூன்று வருஷம் ஓடிய பிறகு எனக்கு ஒரு பெண்ணைப் பிடித்துப்போனது.

அவளும் மீன்காரக் குடும்பம்தான். ஆனேக்கல் பக்கத்து ஏரி. மார்க்கெட்டில் அவள் அம்மா கடையும் எங்கள் அம்மா கடையும் பக்கத்தில் பக்கத்தில். ஞாயிற்றுக்கிழமை கூடை தூக்கப் போனபோது என் அடையாள அட்டையைப் பார்த்து, "இன்னா இது, சந்தைக்கு ஓட்டிக்கினு வந்த மாடா? நம்பர்லாம் போட்டிருக்குது?" என்று கேட்டாள். கேட்டுவிட்டுக் கட்லா மீனின் தலையை ஒரே வெட்டில் தனியாக்கினாள். நான் அந்த இடத்திலேயே விழுந்துவிட்டேன். அதற்கப்புறம் ஞாயிற்றுக்கிழமைகளில் அம்மாவே வேண்டாம் என்றாலும் கூடை தூக்கினேன்.

அம்மா கல்யாணப் பேச்சைத் தொடங்கினாள். பெண்ணின் அப்பா நல்ல மனுஷன், ஆனால் பழைய ஆள். "பையன் கம்ப்யூட்டர் ஆபீஸ்னு சொல்றீங்க. சந்தோஷம். நம்ம வழக்கம் உங்களுக்குத் தெரியும் இல்லே? எங்க ஏரியிலே மாப்ளே தன் கையால வலை வீசணும். அதுல விழுற மீனைத்தான் நிச்சயத்தன்னிக்குக் கொளம்பு வெக்கணும். மீன் விழலேன்னா கங்கம்மாவுக்குச் சம்மதம் இல்லேன்னு அர்த்தம்" என்றார். கூடவே, ஓசூர் பக்கம் சொந்தமாகப் பரிசல் வைத்திருக்கிற ஒரு பையனும் கேட்டுக்கொண்டிருக்கிறான் என்று ஒரு கொக்கியும் போட்டார். மீன் விழவில்லையென்றால் அவள் ஓசூருக்குப் போய்விடுவாள். எனக்கு அன்று இரவு சோறு இறங்கவில்லை.

மாப்பிள்ளை வீசும்போது பரிசலைத் தள்ள வேண்டியவன் அவன் அப்பன். அதுவும் வழக்கம். நைனா இதைக் கேட்டு நாயிடம், "வரேன்னு சொல்லு" என்றார்.

வீச்சுவலை வீசுவது சும்மா இல்லை. சுற்றிலும் ஈயக்குண்டு கோத்த கனமான வலை. கயிற்றை மணிக்கட்டில் கட்டி, வலையில் பாதியைத் தோளில் போட்டு, ஓரத்து ஈயக்குண்டு ஒன்றைப் பல்லால் கடித்துக்கொண்டு, உடம்பைச் சுழற்றி விட வேண்டும். சரியான நேரத்தில் வாயைத் திறந்தால் வலை குடை மாதிரி விரியும். நான் வீட்டு வாசலில் பழகினேன். ஒரு தடவை அம்மா காயப்போட்ட மிளகாயைப் பிடித்தேன். ஒரு தடவை பால்காரர் சைக்கிளைப் பிடித்தேன். அந்தப் பக்கம் வந்த நாயைப் பல தடவை பிடித்தேன். நைனா கட்டிலில் படுத்தபடி, வலைக்குள் கிடக்கும் நாயிடமே, "இடுப்பு திரும்பல. இடுப்பைத் திருப்பச் சொல்லு அவனை" என்பார்.

நிச்சயத்துக்குக் குறித்த ஞாயிற்றுக்கிழமை லக்கேஜ் ஆட்டோ ஒன்றைப் பிடித்துக் கிளம்பினோம். அம்மா, இரண்டு அத்தைகள், பூத்தட்டு, நைனா, நான், நாய். நாய் எதற்கு என்று அத்தைகள் கேட்டார்கள். பரிசலில் எங்கள் இருவருக்கும் நடுவே ஆள் வேண்டாமா? நான் இஸ்திரி போட்ட சட்டையின்மேல் அடையாள அட்டையைத் தொங்கவிட்டிருந்தேன். ஞாயிற்றுக்கிழமை ஆபீஸ் கிடையாது என்று அங்கே யாருக்குத் தெரியப்போகிறது?

ஏரிக்கரையில் பெண் வீட்டார் முழுக் கூட்டமாக நின்றிருந்தார்கள். அவள் பச்சைப் புடவையில், கையைக் கட்டிக்கொண்டு, சிரிப்பை அடக்கிக்கொண்டு நின்றாள். நைனா நாயைத் தூக்கிப் பரிசலில் வைத்ததைப் பார்த்து அவள் அப்பாவுக்குக் கண் விரிந்தது. "உங்க பக்கத்துல நாயை ஏத்தறது வழக்கங்களா?"

அம்மா அசரவில்லை. "ஆமாங்க. தாத்தன் காலத்து வழக்கம்."

"ஓ! எங்க பக்கத்துல விட்டுப்போச்சு போல" என்று அவர் வருத்தப்பட்டார். பிறகு என் முதுகில் தட்டி, "போங்க மாப்ளே. மீன் குஞ்சுக்கு நீச்சல் சொல்லித் தரணுமா?" என்றார். எனக்கு அவரைக் கடித்துவிடலாம் போல இருந்தது.

ஏறினோம். அந்த ஏரி எங்களுக்குப் புதிது. மேலே வெங்காயத்தாமரை மூடிக் கிடந்ததால் ஆழம் எவ்வளவு என்று தெரியவில்லை. கரையை விட்டுக் கொஞ்சதூரம் போனதும் பரிசல் சுற்ற ஆரம்பித்தது. நான் எழுந்து நிற்பதற்காக இந்தப் பக்கம் சாய, நைனா அந்தப் பக்கம் தள்ள, கரை ஒருமுறை வந்து போனது, பச்சைப் புடவை ஒருமுறை வந்து போனது, மறுபடியும் கரை வந்தது.

"டேய், அவனை நடுவுல நிக்கச் சொல்லு" என்றார் நைனா நாயிடம்.

"நடுவுல நீதான் இருக்கேன்னு சொல்லுடா" என்றேன் நான்.

"ரெண்டு கால்லயும் சமமா நிக்கச் சொல்லு."

"மொதல்ல பரிசலை நேரா தள்ளச் சொல்லு."

நாய்க்குத் தலை சுற்றியிருக்க வேண்டும். அது படுத்துவிட்டது. நான் ஒருவழியாக நின்று, வலையைத் தோளில் போட்டு, ஈயக்குண்டைக் கடித்துக்கொண்டு, இடுப்பைத் திருப்பினேன். கரையில் எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள். சரியாக அந்த நேரம் பார்த்து நைனா நாயிடம் சொன்னார்: "இவன் எங்கடா வீசப் போறான். இவன் நாற்காலிக்குப் பொறந்தவன்."

எனக்கு வந்த கோபத்தில் பற்கள் இறுகிவிட்டன. வலையை விட்டேன், வாயை விடவில்லை. கை வீசிய வலை முழுக்கக் காற்றில் போனது. அதன் ஒரு ஓரம் மட்டும் என் பல்லில் இருந்தது. பின்னாலேயே என் தலை போனது. தலை போன பிறகு உடம்பு என்ன செய்யும்? பரிசல் தோசை மாதிரி திரும்பியது. நைனா, நாய், துடுப்பு எல்லாம் என்மேல் விழுந்தன.

தண்ணீருக்குள் வலை என்னைச் சுற்றிக்கொண்டது. கண்ணைத் திறந்தால் பச்சை, மூடினால் கறுப்பு. கங்கம்மா, இனிமேல் காதுவலி என்று பொய் சொல்ல மாட்டேன் என்று வேண்டிக்கொண்டேன். அப்போது என் கழுத்தை யாரோ பிடித்து இழுத்தார்கள். தலை வெளியே வந்தது. பார்த்தால், கவிழ்ந்த பரிசலை ஒரு கையால் கட்டிப்பிடித்துக்கொண்டு, மறுகையால் என் அடையாள அட்டை நாடாவைப் பிடித்து நைனா இழுக்கிறார். இழுக்க இழுக்க எனக்கு மூச்சு நிற்கிறது. தண்ணீரில் செத்தேனோ இல்லையோ, அந்த நாடாவில் செத்திருப்பேன்.

நைனா கரையைப் பார்த்துக் கத்தினார். அப்படி ஒரு குரலை நான் அவரிடம் கேட்டதே இல்லை.

"யாராவது வாங்கய்யா! எனக்கு நீச்சல் தெரியாது! நான் போனாலும் பர்வாயில்ல, என் புள்ளையைப் புடிங்க! என் புள்ளையைத் தூக்குங்கய்யா!"

நானும் கத்தினேன். "எனக்கும் தெரியாது நைனா!"

அவர் திரும்பி என்னைப் பார்த்தார். சாகப்போகிற நேரத்திலும் மனுஷனுக்கு அவ்வளவு ஆச்சரியம். "இன்னாது? உனக்குத் தெரியாதா?"

"தெரியாது! உனக்குத் தெரியாதா?"

அவர் பதில் சொல்லுமுன் கரையிலிருந்து ஒரு குரல் கணீரென்று வந்தது. பச்சைப் புடவைதான். வாயின் இரண்டு பக்கமும் கையைக் குவித்துக்கொண்டு கத்தினாள்.

"எழுந்து நில்லுங்க! ரெண்டு பேரும் எழுந்து நில்லுங்க! அங்க இடுப்பளவுதான் தண்ணி!"

நைனா என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். மெதுவாகக் காலை ஊன்றினோம். எழுந்து நின்றோம். தண்ணீர் இடுப்புக்குத்தான் இருந்தது. வெங்காயத்தாமரை ஒன்று நைனாவின் தலையில் பூவோடு உட்கார்ந்திருந்தது. இதற்குள் நாய் நீந்திக் கரையேறி, பெண்ணின் அப்பா வேட்டியில் உதறிக்கொண்டிருந்தது. எங்கள் வீட்டில் நீச்சல் தெரிந்த ஒரே ஜீவன் அதுதான்.

கரையில் எழுந்த சிரிப்பு ஓசூர் வரைக்கும் கேட்டிருக்கும். நாங்கள் நடந்து வந்தோம். நான் வலையைப் புடவை மாதிரி சுற்றிக்கொண்டு, முன்பல் ஒன்று ஆட, வாயில் ரத்தத்தோடு வந்தேன். முடிந்தது, அவள் ஓசூருக்குப் போய்விட்டாள் என்று எனக்கு அழுகையே வந்துவிட்டது. பெண்ணின் அப்பா முகத்தைப் பார்க்கவே தைரியமில்லை. அப்போது என் முதுகுப்பக்கம் ஏதோ துள்ளியது. அவள் வந்து வலையை விலக்கிக் கையை விட்டு எடுத்தாள். உள்ளங்கை அளவுக்கு ஒரு ஜிலேபிக் கெண்டை.

"அப்பா, விழுந்துடுச்சு" என்றாள்.

அவர் மீனைப் பார்த்தார். "இது வலையில விழுந்துச்சா, மாப்ளே மேல விழுந்துச்சா?"

"மாப்ளே வலைக்குள்ள இருந்தாரு. மீனும் வலைக்குள்ள இருந்துச்சு. இன்னும் இன்னா வேணும்?" என்று அவள் கேட்டாள். அம்மா உடனே, "கங்கம்மா குடுத்துட்டா, ஆயித்து, முடிஞ்சுது!" என்று பூத்தட்டை நீட்டிவிட்டாள்.

அந்த ஒற்றை மீனை வைத்து முழுக் கூட்டத்துக்கும் குழம்பு வைத்தார்கள். அண்டா நிறையப் புளித்தண்ணீர். மீன் யார் தட்டுக்குப் போனது என்று இன்றுவரை சண்டை நடக்கிறது. சாப்பிடும்போது பெண்ணின் அப்பா நைனாவின் காதருகே குனிந்து, "சம்பந்தி, எனக்கும் தெரியாது. வெளிய சொல்லிடாதீங்க" என்று சொன்னது எனக்குக் கேட்டது.

நைனா சிரிக்கவில்லை. சாப்பிட்டுக் கை கழுவிக்கொண்டு தனியாக ஏரியைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார். நான் போய்ப் பக்கத்தில் நின்றேன். நாயும் வந்தது. அவர் நாயைத் தள்ளி உட்காரச் சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார்.

"மெய்யாலுமே தெரியாதாடா?"

"தெரியாது நைனா. காதுவலின்னு சொன்னதெல்லாம் பொய்."

"அப்ப அத்தினி நாள் எப்டி எங்கூட பரிசல்ல வந்தே?"

"நீ இருக்கேன்னுதான். விழுந்தா நீ தூக்கிடுவேன்னு."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். புல்லைப் பிடுங்கினார். பிடுங்கியதைத் திரும்ப அதே இடத்தில் நட்டார்.

"நானும் அப்டித்தாண்டா நெனச்சேன். புள்ளை இருக்கறான், மீன் குஞ்சு, விழுந்தா இளுத்துப் போட்டுடுவான்னு. நீ வந்தப்புறம்தான் நான் பயமில்லாம ஏரிக்குள்ள போனேன். அதுக்கு முன்னாடி தெனம் பயம். நீ ஆபீஸுக்குப் போனதும் திரும்ப அதே பயம். ஒண்டியா போவேன். நடு ஏரியில ஒண்டியா நின்னுக்கினு உன்னைத் திட்டுவேன். வேற இன்னா பண்றது? எனக்குப் பயமா இருக்குது, வாடான்னு எப்டிடா கூப்புடறது, பெத்த புள்ளையை?"

அத்தனை வருஷம் என்மேல் கோபம் என்று நினைத்தேனே, விடியாத இருட்டில் தனியாகப் போன ஒரு ஆளின் பயம் அது. அவர் தலைமேல் இன்னும் ஒரு வெங்காயத்தாமரை இலை ஒட்டியிருந்தது. அதை எடுத்துவிட்டேன்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை விடியலில் நானே எழுந்து ஏரிக்கரைக்குப் போனேன். பங்சர் கடையிலிருந்து இரண்டு லாரி டியூப் வாங்கி வைத்திருந்தேன். ஒன்றை நைனா இடுப்பில் மாட்டிக்கொண்டார், ஒன்றை நான். காற்றடித்த டியூபோடு இரண்டு பேர் ஒரு பரிசலுக்குள் நிற்பது எப்படி இருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள். நாய் இடமில்லை என்று தெரிந்து கரையிலேயே படுத்துவிட்டது. நைனா தன் டியூபையும் என் டியூபையும் ஒரு கயிற்றால் சேர்த்துக் கட்டி, முடிச்சை இரண்டு முறை இழுத்துப் பார்த்தார்.

"கவுந்தா இன்னாடா பண்ணுவே?"

"நீ இருக்கியே நைனா."

"எனக்குத்தான் நீச்சல் தெரியாதே."

"எனக்குந்தான் தெரியாது."

"அப்பச் சரி" என்றார் நைனா. "ஏறு."